குச்சி எடுத்து வந்த பையன்

ரொம்ப நாளாக எழுத நினைத்துத் தள்ளிப்போட்டு வந்த பதிவு இது. போன மாதம் அம்மா மாடிக்கு ஏறி வந்து அந்தப் பொம்மைகளைப் பார்த்துவிட்டாள். யாரிடம் மறைத்தேனோ அவளே பார்த்த பிறகு ஊரிடம் மறைக்க என்ன இருக்கிறது, சரி, எழுதிவிடலாம் என்று உட்கார்ந்துவிட்டேன்.

நான் முழுநேரச் சிற்பி கிடையாது. வேலூர் சத்துவாச்சாரியில் ஒரு பிளக்ஸ் கடையில் டிசைனர். மஞ்சள் நீராட்டு, கல்யாணம், கட்சிக்காரர் பிறந்தநாள், கண்ணீர் அஞ்சலி என்று காலையிலிருந்து யார் யாருடைய முகத்தையோ போட்டோஷாப்பில் வெளுப்பாக்கிக்கொண்டிருப்பவன். ராத்திரி எட்டரைக்கு மேல், மொட்டைமாடியில் தகரம் போட்ட கொட்டகைக்குள் களிமண். அதில் பத்து வருடமாக ஒரே பொம்மையைத்தான் செய்துகொண்டிருக்கிறேன். ஒரு சாண் உயரத்தில் ஒரு பையன், ஏழு வயசு இருக்கும், இரண்டு கையாலும் ஒரு குச்சியைப் பிடித்து நீட்டிக்கொண்டு நிற்பான். அவ்வளவுதான். யாரிடம் நீட்டுகிறான் என்பது பொம்மையில் இருக்காது.

நீட்டியது நைனாவிடம். எங்கள் பக்கம் நிறைய வீடுகளில் அப்பாவை நைனா என்றுதான் கூப்பிடுவோம்.

எங்கள் வீடு குடியாத்தத்தில். லுங்கிக்குப் பேர் போன ஊர், அப்போது எங்கள் தெருவில் பாதி வீட்டில் தறி இருந்தது. முன்னறையில் குழித்தறி, நைனா குழிக்குள் காலை விட்டு உட்கார்ந்தால் வீடே அதிரும். நானும் அக்காவும் பள்ளிக்கூடம் விட்டு வந்து ராட்டையில் தார், அதாவது தறிக்கான நூல் கண்டு, சுற்ற வேண்டும். அம்மா நடையில் முறத்தை மடியில் வைத்துக்கொண்டு பீடி சுற்றுவாள். தறி ஓடும் வரைக்கும் ஒரு பிரச்சினையும் இல்லை. நூலைக் கொண்டுபோகிற நாடா போய்ப் போய் வரும் அந்தச் சத்தத்தில் எனக்குத் தூக்கம்கூட வரும். சாப்பாட்டு நேரமும் இல்லாமல், நூல் அறுந்ததும் இல்லாமல், திடீரென்று தறி நின்றால்தான் வயிறு இறுகும். இன்றைக்கும் கடையில் பிளக்ஸ் பிரின்டர் நடுவில் நின்றால் எனக்கு ஒரு விநாடி வயிறு இறுகுகிறது. பக்கத்தில் இருக்கிற பையனுக்கு அது மை தீர்ந்த விஷயம், கார்ட்ரிட்ஜை மாற்றிவிட்டு அவன் பாட்டுக்குப் போய்விடுவான்.

தறி நின்ற பிறகு நைனா எழுந்து வரமாட்டார். அங்கே இருந்தபடியே கூப்பிடுவார். "டேய், எட்னு வாடா." என்னவென்று சொல்ல வேண்டியதில்லை. பின்கட்டில் கதவுக்குப் பின்னால் ஒரு மூங்கில் குச்சி சாய்ந்திருக்கும். அதை எடுத்துப் போய்க் கொடுக்க வேண்டும். கொடுத்தால் அம்மாவை அடிப்பார். முதலில் அக்காவைத்தான் கேட்டார். அக்கா எழுந்திருக்கவே மாட்டாள், ராட்டைக்கு முன்னால் அப்படியே கல் மாதிரி உட்கார்ந்திருப்பாள், அதற்கு அவளுக்கும் விழும். அப்புறம் என் முறை வந்தது. நான் எடுத்துப் போனேன். ஒரு தடவை இரண்டு தடவை இல்லை. ஆறு வயதிலிருந்து பத்து பதினொன்று வரைக்கும், கூப்பிட்டபோதெல்லாம், ஓடிப்போய்.

ஓடிப்போய் என்று எழுதிவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். உண்மை அதுதான். தாமதமானால் எனக்கும் விழும் என்று தெரியும், அதனால் ஓடுவேன்.

இதெல்லாம் 1990களின் தொடக்கம். குழந்தைகள் உதவிக்கு 1098 என்ற எண்ணெல்லாம் எங்கள் ஊருக்கு வராத காலம், குடும்ப வன்முறைச் சட்டம் வந்ததே 2005ல்தான். தெருவில் எல்லோருக்கும் சத்தம் கேட்கும். "புருஷன் பொண்டாட்டி சண்டை" என்று வாசலில் கோலப்பொடியோடு நிற்பவர்களும் உள்ளே போய்விடுவார்கள். மறுநாள் அம்மா கட்டுக்கு இருபத்தைந்து என்று எண்ணிக் கட்டிய பீடியைக் கணக்குக் காட்டக் கொண்டுபோவாள், முந்தானையை இழுத்து இரண்டு தோளையும் மூடிக்கொண்டு. வேலூர் வெயிலில் அப்படி மூடிக்கொண்டு போகிற பெண்ணை யாரும் ஏன் என்று கேட்கவில்லை.

வெளியூர்க்காரர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். குடியாத்தத்தில் வைகாசி முதல் தேதி கெங்கையம்மன் சிரசுத் திருவிழா. மாவட்டமே திரண்டு வரும். அம்மனின் தலை மட்டும், சிரசு, தரணம்பேட்டை முத்தியாலம்மன் கோயிலிலிருந்து புறப்பட்டு, கோபாலபுரம் கெங்கையம்மன் கோயிலில் இருக்கும் உடலில் பொருத்தப்படும். வழியெல்லாம் மாலை, தேங்காய், கூட்டம். ரேணுகா கதைதான். தினமும் ஆற்று மணலில் சுடாத குடம் பிடித்து அதில் தண்ணீர் மொண்டு வருகிற பத்தினி, ஒருநாள் தண்ணீரில் ஒரு கந்தர்வனின் நிழலைப் பார்க்கிறாள், குடம் உடைந்து கரைகிறது, புருஷன் ஜமதக்னிக்குக் கோபம். பிள்ளைகளைக் கூப்பிட்டு உங்கள் அம்மாவின் தலையை வெட்டுங்கள் என்கிறார். பெரியவர்கள் முடியாது என்று சொல்லிச் சாபம் வாங்கிக்கொள்கிறார்கள். கடைசிப் பிள்ளை பரசுராமன் கோடரியை எடுக்கிறான்.

இந்தக் கதையை எனக்கு முதலில் சொன்னது நைனாதான், அவர் தோளில் உட்கார்ந்து நான் சிரசு பார்த்துக்கொண்டிருந்தபோது. திருவிழா அன்று அவர் குடிக்கமாட்டார். மஞ்சள் வேட்டி கட்டிக்கொண்டு, என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு, என் இரண்டு கணுக்காலையும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு கூட்டத்துக்குள் நுழைவார். விழுந்துவிடுவேனோ என்ற பயம் எனக்கு ஒருநாளும் வந்ததில்லை. "அப்பன் பேச்சைத் தட்டாதவன்டா அவன், அதான் கேட்ட வரம் கெடச்சிது" என்றார். எனக்குப் பெருமையாக இருந்தது. நானும் தட்டாதவன்தானே.

வளர்ந்த பிறகுதான் அந்த வரங்களைச் சரியாகத் தெரிந்துகொண்டேன். மகாபாரதத்தில் வருகிற கதைப்படி அம்மா உயிரோடு வர வேண்டும் என்பது மட்டும் அவன் கேட்டதில்லை. வெட்டுப்பட்டது அவளுக்கு நினைவில் இருக்கக்கூடாது என்றும் கேட்டான். அடேய், நீயுமா என்று இருந்தது எனக்கு. அம்மா ஒவ்வொரு தடவை என் தட்டில் சோறு போடும்போதும் இதைத்தானே மனசுக்குள் கேட்டுக்கொண்டிருந்தேன்.

திருவிழாவில் இன்னொன்றும் உண்டு. சாயங்காலம் அந்தச் சிரசை உடலிலிருந்து திரும்ப எடுத்துவிடுவார்கள். ஒட்டியது ஒரு பகல்தான்.

சரி, மண்ணுக்கு வருகிறேன். நைனா போய்ச் சேர்ந்து ஏழு வருடம் கழித்து, 2016ல், விநாயகர் சதுர்த்திக்கு பிளக்ஸ் கட்டப்போன இடத்தில் ஒரு குயவர் பெரியவர் பிள்ளையார் பிடித்துக்கொண்டிருந்தார். சும்மா ஒரு உருண்டை கொடுத்து "பிசைஞ்சினு இரு தம்பி, பசங்க வரட்டும்" என்றார். பேசிக்கொண்டே பிசைந்தேன். கொஞ்ச நேரம் கழித்துக் கையைப் பார்த்தால் ஒரு ஆள் நிற்கிறான், கையில் ஒரு குச்சி. வேண்டும் என்று செய்யவில்லை. பெரியவர் பார்த்துவிட்டு, "முருகனா?" என்றார். ஆமாம் தாத்தா என்று சொல்லிவிட்டு அதை நசுக்கிவிட்டேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மறுபடி போனேன். அப்புறம் வாராவாரம். ஏரி மண்ணைக் காயவைத்து உடைத்து, ஊறவைத்து, வடிகட்டி, நைஸ் மணல் கலந்து மிதிப்பது வரைக்கும் அவரிடம்தான் கற்றுக்கொண்டேன். உள்ளே ஈரம் இருந்தால் சூளையில் ஆவியாகி வெடிக்கும், அதனால் மொத்தமான இடத்தையெல்லாம் உள்ளுக்குள் குடைந்து எடுத்துவிட வேண்டும். அவசரப்பட்டு வெயிலில் வைத்தால் மேல்புறம் முதலில் சுருங்கி விரிசல் விடும், நிழலில்தான் காயவைக்க வேண்டும். அக்னி நட்சத்திரத்தில் வேலூரில் நிழல் எங்கே இருக்கிறது என்று கேட்காதீர்கள், நானே ஈரக் கோணியைச் சுற்றி நிழல் செய்துகொள்கிறேன்.

எனக்குத் திரும்பத் திரும்ப விரிசல் விட்டது கழுத்தில். தலையைத் தனியாகப் பிடித்து உடலோடு ஒட்டுவேன், மூன்றாம் நாள் சங்கிலி போட்ட மாதிரி கழுத்தைச் சுற்றி ஒரு கோடு விழும், தலை கையோடு வந்துவிடும். தாத்தா ஒருநாள் இரண்டு துண்டையும் தொட்டுப் பார்த்தார். "ஒடம்பு நேத்து செஞ்சது, தலை இன்னிக்கி செஞ்சது. இது காய்ஞ்சி பாதி சுருங்கிடிச்சி, அது இனிமேதான் சுருங்கும். எப்பிடி ஒட்டும்?" என்றார். இரண்டும் ஒரே ஈரத்தில் இருக்க வேண்டுமாம். சீப்பால் இரண்டு பக்கமும் கீறி, குழைசேறு தடவி, அழுத்தி, அதன் மேல் இரண்டு நாள் ஈரத்துணி. இதைக் கற்றுக்கொள்ள எனக்கு ஒரு வருடம் ஆனது. வைகாசி ஒன்றாம் தேதி சிரசு ஏறும்போது கூட்டத்தில் நின்று கழுத்தையே பார்த்துக்கொண்டிருக்கிற ஆள் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

முதல் இரண்டு வருடம் ஒன்றையும் சுடவில்லை. செய்வேன், ஒரு வாரம் பார்ப்பேன், வாளித் தண்ணீரில் போட்டுவிடுவேன். சுடாத மண் பிடிவாதம் பிடிக்காது, ராத்திரி போட்டால் காலையில் வாளிக்கு அடியில் சேறு. குச்சி முதலில் போகும், அப்புறம் கை, கடைசியில் நெஞ்சுக்கூடு மட்டும் ஒரு மேடு மாதிரி இருக்கும். அதையே எடுத்து மறுபடி பிசைந்து மறுபடி அதே பையன். என் மனைவி ஒருநாள், "இது எந்தக் கோயிலுக்கு நேர்ச்சைங்க?" என்று கேட்டாள். அன்றைக்குத்தான் அவளிடம் சொன்னேன். கல்யாணமாகி ஏழாவது வருடம்.

கலை காயத்தை ஆற்றும் என்று யாராவது சொன்னால் எனக்குக் கொஞ்சம் எரிச்சல் வரும். களிம்பா அது, தடவினால் ஆறுவதற்கு? பொம்மை செய்த அன்றைக்கெல்லாம் ராத்திரி தூக்கம் போய்விடும். மறுநாள் கடையில் மாப்பிள்ளை பெயரைக் கண்ணீர் அஞ்சலியில் போட்டுவிட்டு முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டது தனிக்கதை. ஒரு கட்டத்தில் பாகாயம் போனேன், சிஎம்சி மருத்துவமனையின் மனநலப் பிரிவு அங்கேதான். பள்ளிக்கூடத்தில் யாரையாவது கிண்டல் செய்ய வேண்டும் என்றால் "பாகாயம் போறியா" என்போம், நானே டோக்கன் எடுத்துக்கொண்டு அங்கே உட்கார்ந்திருந்தேன். தூக்கம் போகிறது என்று சொன்னபோது ஆலோசகர் அம்மா ஒரு விஷயம் சொன்னார். 1986ல் அமெரிக்காவில் பென்னிபேக்கர் என்ற உளவியலாளர் கல்லூரி மாணவர்களை நான்கு நாள், தினமும் பதினைந்து நிமிடம், தங்கள் மனதைப் பாதித்த சம்பவத்தை எழுதச் சொன்னாராம். எழுதி முடித்த கையோடு அவர்களுக்கு மனசு இன்னும் மோசமாகத்தான் போனது. ஆனால் நடந்ததையும் சேர்த்து, அப்போது பட்டதையும் சேர்த்து எழுதியவர்கள் அடுத்து வந்த மாதங்களில் டாக்டரிடம் போனது குறைந்தது. "நீங்க நடந்தத மட்டும் செய்யறீங்க தம்பி, அந்தப் பையனுக்கு மூஞ்சே இல்லையே" என்றார். நான் போனில் காட்டிய அத்தனை படத்திலும் முகம் வழவழவென்று உருண்டையாகத்தான் இருந்தது. பத்தில் ஒன்றுக்காவது மூக்கு வைத்திருப்பேன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த நாட்களில்தான் லூயிஸ் பூர்ஷ்வா என்ற பெண் சிற்பியைப் பற்றிப் படித்தேன். 1911ல் பாரிசில் பிறந்தவர். பழைய காலத்துச் சித்திர நெசவுத் திரைகளைச் சீர்செய்து விற்கிற குடும்பம், நம்ம ஜாதகம்தான் என்று நினைத்துக்கொண்டேன். தரையில் உரசி உரசி அந்தத் திரைகளின் அடிப்பக்கம்தான் முதலில் நைந்துபோகும், அதில் இருக்கிற உருவங்களுக்குக் காலே இருக்காது, சின்னப் பெண்ணான இவர் அந்தக் கால்களை வரைந்து கொடுப்பாராம். அப்பா, வீட்டுக்கு இங்கிலீஷ் சொல்லிக்கொடுக்க வந்த டீச்சரோடு தொடர்பு வைத்துக்கொண்டு அதே வீட்டில் பல வருடம் வைத்திருந்தார். அம்மாவுக்குத் தெரியும், பிள்ளைக்கும் தெரியும், எல்லோரும் ஒரே மேசையில் சாப்பிடுவார்கள். அப்பா பெருமை பேசப் பேச இந்தப் பெண் ரொட்டியைப் பிசைந்து அப்பா மாதிரி பொம்மை பிடித்து, கை காலைக் கத்தியால் ஒவ்வொன்றாக வெட்டுவாராம். தன் முதல் சிற்பம் அதுதான் என்று பிற்காலத்தில் சொன்னார். 1999ல் அம்மாவை நினைத்து முப்பது அடிக்கு மேல் ஒரு எஃகுச் சிலந்தி செய்தார், நெய்கிறவள் என்பதால் சிலந்தி. 98 வயது வரைக்கும் அதே வீட்டைத்தான் திரும்பத் திரும்பச் செய்துகொண்டிருந்தார், 2010ல் இறக்கும் வரை. இத்தனை செய்தவர், 1952லிருந்து முப்பது வருடத்துக்கு மேல் மனநல மருத்துவரிடமும் போய்க்கொண்டுதான் இருந்தார். எனக்கு அதுதான் பெரிய நிம்மதி. பத்து வருடமாக ஒரே பொம்மை என்பது ஒன்றும் அதிகமில்லை.

ஒரு வித்தியாசம் உண்டு. அவர் அப்பாவைச் செய்தார், அம்மாவைச் செய்தார். எனக்கு இன்றுவரை நைனாவைச் செய்ய வரவில்லை. முயற்சி செய்தேன். தோள் வரைக்கும் வரும், தோள் வந்ததும் திருவிழா ஞாபகம் வந்துவிடும், கணுக்காலில் அந்தப் பிடி. அம்மாவைச் செய்ய நான் துணியவே இல்லை.

முதலில் சுட்டது 2019ல். தாத்தா சூளையில் சட்டிகளுக்கு நடுவே இடம் கொடுத்தார். வைக்கோல், வறட்டி, மேலே உடைந்த ஓடு, அதன் மேல் சேறு பூசி, ராத்திரி முழுக்க. ஒன்பது வைத்தேன், நான்கு தேறியது. சூடு தணிந்து கையில் எடுத்தபோது தட்டினால் சத்தம் வந்தது, இனிமேல் இதை வாளியில் போட்டுக் கரைக்க முடியாது என்று நினைத்ததும் கை நடுங்கியது. அக்காவுக்கு வாட்சப்பில் படம் அனுப்பினேன். அவள் ஆம்பூரில் ஷூ கம்பெனியில் தைக்கிறாள். நீல டிக் வந்தது, பதில் இல்லை. நாங்கள் இதைப் பற்றி ஒருநாளும் பேசிக்கொண்டதே கிடையாது. அவள் எடுத்துவராதவள், நான் எடுத்துவந்தவன், அதற்கு மேல் என்ன பேசுவது. பதினோரு மணிக்குப் போன் வந்தது. "ராட்டை எங்கடா? நான் பக்கத்திலதான ஒக்காந்திருந்தேன், என்ன ஏன் வுட்டுட்ட?" என்று கேட்டுவிட்டு அழுதாள். அடுத்ததில் ராட்டை வைத்தேன், ராட்டைக்கு முன்னால் முதுகு காட்டி உட்கார்ந்த ஒரு பெண். அதை ஆம்பூருக்கு பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு போய்க் கொடுத்தேன், அவள் வீட்டில் டிவிக்கு மேலே இருக்கிறது. கேட்பவர்களிடம் காந்தி காலத்துப் பொம்மை என்று சொல்லிவைத்திருக்கிறாள்.

அம்மாவிடம் மட்டும் மறைத்தேன். மூட்டுவலி, மாடி ஏறமாட்டாள் என்ற தைரியம். போன மாதம் நான் கடையில் இருந்தபோது வத்தல் காயவைக்க ஏறியிருக்கிறாள், மழை தூறியதும் ஒதுங்கக் கொட்டகைக்குள் போயிருக்கிறாள். நான் வந்து பார்த்தபோது ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள், மடியில் வத்தல் முறம், கையில் ஒரு பையன். பலகையில் மற்றவர்கள் வரிசையாக நிற்கிறார்கள், இப்போது எல்லோருக்கும் முகம் உண்டு. எனக்கு வாய் வரவில்லை. எட்டு வருடமாக ஒத்திகை பார்த்து வைத்த வார்த்தை ஒன்றுகூட வரவில்லை.

அம்மா கண்ணாடியை மூக்கு வரை இறக்கிவிட்டுக்கொண்டு பொம்மையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"இன்னாடா இது, இவ்ளோ மொத்தமா வச்சிக்கீற?"

"எதும்மா?"

"குச்சிதான். அது சுண்டுவிரல் மொத்தந்தான் இருக்கும். நீ ஒலக்க மாரி செஞ்சி வச்சிக்கீற." தன் சுண்டுவிரலை நீட்டிக் காட்டினாள். "புடிக்கிற எடத்துல நூலு சுத்தியிருக்கும். செவப்பு நூலு. கை வழுக்காம இருக்கறதுக்கு."

சிவப்பு நூல். எனக்கு அது சுத்தமாக மறந்துபோயிருந்தது. சொன்ன அந்த விநாடியில் உள்ளங்கையில் அதன் சொரசொரப்பு வந்து நின்றது.

"இவனுக்கு ஏன் சட்ட போட்டு வுட்ட? அப்பல்லாம் வீட்ல நீ எங்க சட்ட போட்ட" என்றாள். அப்புறம் பொம்மையைப் பலகையில் மற்றவர்களோடு வைத்தாள், கொஞ்சம் சாய்ந்திருந்ததை நேராக்கினாள், மழை விட்டுச்சா பார் என்றாள். நான் வத்தல் முறத்தை எடுத்துக்கொண்டு அவளுக்கு முன்னால் படி இறங்கினேன், அவள் என் தோளைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு படியாக வந்தாள்.

சுண்டுவிரல் மொத்தம் என்றால் ஒரு சாண் பொம்மைக்கு ஈர்க்குச்சி அளவுதான் வருகிறது. களிமண்ணில் அவ்வளவு மெல்லிசாக உருட்டினால் காய்வதற்குள் உடைகிறது, கை ஒரு பக்கம் சுருங்க, குச்சி ஒரு பக்கம் சுருங்க. இதுவரை நான்கு போய்விட்டது. ஐந்தாவது, சட்டை இல்லாத பையன், ஈரத்துணிக்குள் இருக்கிறான். பிடிக்கிற இடத்தில் நூல் சுற்றுக்காக ஊசியால் பதினோரு கீறல் போட்டிருக்கிறேன். எத்தனை சுற்று இருந்தது என்று அம்மாவிடம் கேட்க வேண்டும்.